கியோங்போக்குங்கா சாங்டோக்குங்கா? சியோல்ல ஒரு அரண்மனைக்கு தான் டைம்னா

எல்லாரும் மொதல்ல ஓடுறது கியோங்போக்குங்குக்கு தான், தப்பில்ல, 1395ல கொரியாவ ஆண்ட ஜோசோன் ராஜ வம்சம் கட்டுன முதல் அரண்மனை, பின்னாடி மலை, முன்னாடி குவாங்வாமுன் வாசல்னு கம்பீரமா நிக்கும். ஆனா 1592 ஜப்பான் படையெடுப்புல எரிஞ்சு, 270 வருஷம் பாழா கெடந்து, 1867ல தான் திரும்ப எழும்புச்சு, அப்புறம் ஜப்பானோட காலனி ஆட்சியில பெரும்பாலான கட்டடத்த இடிச்சுட்டு அதே வளாகத்துல 1926ல கவர்னர் ஜெனரல் ஆபீஸ வேற கட்டுனாங்க, மனசு கொதிக்குது. 1990கள்ல கொரிய அரசு அத இடிச்சுடுச்சு. இப்ப நாம பாக்குறதுல நிறைய மறுபடி கட்டுனது.

சாங்டோக்குங் 1405ல வந்தது. அதுவும் 1592ல எரிஞ்சுது, ஆனா 17ம் நூற்றாண்டு ஆரம்பத்துலயே கட்டிட்டதால ராஜாக்கள் ரொம்ப காலம் இருந்து ஆண்டது இங்க தான். மேடு பள்ளத்த சமப்படுத்தாம நிலம் போற போக்குலயே கட்டிருக்காங்க, அந்த அழகுக்கே நான் இத தான் சொல்வேன். 1997ல யுனெஸ்கோ பட்டியல்லயும் சேந்துச்சு. கடைசி பேரரசர் சுன்ஜோங் 1926ல இறந்ததும் இங்க தான், அவரோட தங்கச்சி இளவரசி தோக்ஹே 1989ல கண்ண மூடுனதும் இங்க இருக்குற நக்சோன்ஜேங்குற கட்டடத் தொகுதில தான்.

ஹான்போக் (கொரிய பாரம்பரிய உடை) போட்டா ரெண்டுலயும் என்ட்ரி ஃப்ரீ, ஆனா சாங்டோக்குங் பின்னாடி இருக்குற ஹுவொன் தோட்டத்துக்கு தனி டிக்கெட், முன்னாடியே புக் பண்ணிடுங்க.