தீ, கோடரி, வறட்சி: ஆஸ்திரேலியக் கம் மரங்களில் எது எதற்கு?

கம் மரம் என்று ஆஸ்திரேலியர்கள் பொதுவாகச் சொல்லிவிடும் யூகலிப்டஸ் குடும்பத்தில் 700-க்கும் மேற்பட்ட இனங்கள் உண்டு. எது சிறந்தது என்று கேட்டால் உயரம், பூ, வாசனை என்ற மூன்றையே பெரும்பாலோர் ஒப்பிடுகிறார்கள். எனக்கு அந்த அளவுகோல் போதவில்லை. காட்டுத்தீ வந்தால் அந்த மரம் என்ன ஆகிறது? வெட்டினால் துளிர்க்கிறதா? தண்ணீர் தவறினால் தாங்குகிறதா? இவற்றைக் கேட்டால்தான் ஒவ்வோர் இனத்தின் குணமும் தெரியும். அதன் பயனும் அந்தக் குணத்தை ஒட்டியே அமைந்திருக்கிறது.

உயரத்தில் மவுண்டன் ஆஷை எந்தக் கம் மரமும் மிஞ்ச முடியாது. விக்டோரியாவிலும் டாஸ்மேனியாவிலும் மழை மிகுந்த மலைகளில் வளர்வது இது. டாஸ்மேனியாவில் 'சென்சூரியன்' என்று பெயரிடப்பட்ட மரம் சுமார் 100 மீட்டர். உலகின் மிக உயரமான பூக்கும் தாவரங்களில் இதுவும் ஒன்று. ஆனால் இவ்வளவு பெரிய மரம் ஒரு கடுந்தீயில் செத்துவிடும். மற்ற பல இனங்களுக்கு அடித்தண்டில் இருக்கும் மொட்டுகள் நிறைந்த கட்டை இதற்கு இல்லை. உச்சியில் காய்களுக்குள் காத்துவைத்த விதைகள் சாம்பலில் உதிர்ந்து முளைப்பதுதான் இதன் ஒரே வழி. அந்த இளங்கன்றுகள் விதை தரத் தொடங்க ஏறக்குறைய இருபது ஆண்டுகள் பிடிக்கும். அதற்குள் இன்னொரு தீ வந்தால் காடு முடிந்தது. அந்த இடத்தை வேல மரங்கள் பிடித்துக்கொள்ளும். 1939-லும் 2009-லும் விக்டோரியாவின் பெருந்தீயில் இந்தக் காடுகள் பெரும் பரப்பில் எரிந்தன. வெளிர்நிற மரப்பலகை தரைக்கும் மேசை நாற்காலிக்கும் அருமையானதுதான். ஆனால் லெட்பீட்டர்ஸ் பாசம் என்ற சிறு விலங்கு தங்கும் பொந்து உண்டாக நூறாண்டுக்கு மேல் ஆகும். பலகைக்காக மட்டும் இந்த மரத்தை மதிப்பிடுவதை என்னால் ஏற்க முடியவில்லை.

ரிவர் ரெட் கம் இதற்கு நேர் எதிர். உயரத்தில் பாதியைக்கூட எட்டுவது அரிது. தண்டு முறுக்கேறிக் கோணலாக இருக்கும், கிளை விரிந்து கிடக்கும். ஆனால் ஆஸ்திரேலியப் பெருநிலத்தில் இதைவிடப் பரவலான யூகலிப்டஸ் கிடையாது. வறண்ட உள்நாட்டு ஓடைக்கரைகளில்கூட இதுதான் நிற்கும். பல நூறாண்டுகள் வாழும். அரக்குச் சிவப்பான மரக்கட்டை, கனமானது, எளிதில் உளுக்காது. ரயில் தண்டவாளத்தின் அடிக்கட்டை, வேலிக்கம்பம், பாலத்தூண் எல்லாம் இதில்தான் செய்தார்கள். 1865-இல் மர்ரே ஆற்றங்கரை ஊரான எச்சூகாவில் எழுந்த படகுத்துறை முழுக்க இந்த மரம். அங்கே வந்து நின்ற நீராவிப் படகுகளுக்கு விறகும் இதுவே. அதற்கு வெகு காலம் முன்பே ஆற்றங்கரைப் பழங்குடி மக்கள் மரத்தைச் சாகடிக்காமல் பட்டையை மட்டும் நீளமாக உரித்து ஓடம் செய்தார்கள். அந்தத் தழும்போடு நிற்கும் மரங்களை இன்றும் மர்ரே ஆற்றோரம் பார்க்கலாம். ஒரு மரத்தை எப்படிப் பயன்படுத்த வேண்டும் என்பதற்கு இதைவிட நல்ல சான்று எனக்குத் தெரியாது.

இதன் பலவீனம் தண்ணீர்க்கணக்கு. அவ்வப்போது வெள்ளம் வந்து வேரை நனைத்துப் போக வேண்டும். அணைகளும் பாசனமும் மர்ரேயின் வெள்ளத்தைக் குறைத்தபின், பல இடங்களில் முதிய மரங்கள் உச்சியிலிருந்து காய்ந்து வருகின்றன. உலகிலேயே மிகப் பெரிய ரெட் கம் காடான பார்மா-மில்லேவாவுக்கு இப்போது திட்டமிட்டுத் தண்ணீர் விட வேண்டியிருக்கிறது. இன்னோர் ஆபத்து: காற்றே இல்லாத வெயில் நாளிலும் பெருங்கிளை திடீரென்று முறிந்து விழும். இதன் அடியில் கூடாரம் போடவே கூடாது.

தைலம் என்றதும் எல்லோர் வாயிலும் வருவது டாஸ்மேனியாவின் மாநில மலரைத் தரும் புளூ கம். இளமையில் நீலம் பூசிய அகன்ற இலை, முதிர்ந்தபின் அரிவாள் போல நீண்ட இலை. அழிவின் விளிம்பில் உள்ள ஸ்விஃப்ட் கிளிகள் இதன் பூந்தேனை நம்பித்தான் டாஸ்மேனியாவில் குஞ்சு பொரிக்கின்றன. காகிதக் கூழுக்கான தோட்டங்களுக்கு வேகமாக வளரும் இந்த மரமே முதல் தேர்வு. ஆனால் ஆஸ்திரேலியாவுக்குள் தைலத்தொழிலைத் தாங்குவது புளூ மாலீ என்ற புதர் மரம். விக்டோரியாவின் இங்கிள்வுட், நியூ சவுத் வேல்ஸின் வெஸ்ட் வையாலாங் பகுதிகளின் வறண்ட மண்ணில் அது வளர்கிறது. இலையை அடியோடு அறுத்துவிட்டால், மண்ணுக்குள் உள்ள கட்டையிலிருந்து மறுபடி தழைத்துவிடும். இரண்டு ஆண்டுக்குள் அடுத்த அறுவடை. தைலத்தின் முக்கியச் சேர்மமான சினியோல் இதில் 80 சதவீதத்தைத் தாண்டும். தைலத்துக்கு என் தேர்வு தயக்கமின்றி இதுதான்.

வீட்டுத் தோட்டத்துக்கு? எலுமிச்சை மணக்கும் லெமன் சென்டட் கம் வழவழப்பான வெண்தண்டோடு கண்ணைப் பறிக்கும். குயின்ஸ்லாந்துக்காரர்களின் சொந்த மரம். ஆனால் அது 30 மீட்டருக்கும் மேல் போகும், கிளையும் உதிர்க்கும்; பெரிய பூங்காவுக்கே பொருந்தும். சிறிய இடத்துக்கு மேற்கு ஆஸ்திரேலியாவின் தென்கரையைச் சேர்ந்த ரெட் ஃபிளவரிங் கம் போதும். பத்து மீட்டர் அளவில் நின்றுகொண்டு, கோடையில் செக்கச்செவேலென்று பூக்கும். கிழக்கின் ஈரக்காற்று அதற்கு ஒத்துவராது; அங்கே நடுபவர்கள் வேறு இனத்தின் அடித்தண்டில் ஒட்டுக்கட்டிய கன்றைத்தான் கேட்டு வாங்க வேண்டும்.