ட்ரூட்டன் விதி: பல வருடங்கள் பயன்படுத்திய பிறகு

கரைப்பான்களைக் காய்ச்சி வடிக்கிற வேலையில், இந்தத் திரவம் ஆவியாக எவ்வளவு வெப்பம் கேட்கும் என்ற கேள்வி அடிக்கடி வரும். அட்டவணையைத் தேடுவதற்கு முன் ட்ரூட்டன் விதியில் ஒரு கணக்குப் போட்டுவிடுவது என் பழக்கம். கொதிநிலையைக் கெல்வினில் எடுத்து 88-ஆல் பெருக்கினால், ஒரு மோலுக்கான ஆவியாதல் வெப்பம் ஜூலில் வந்துவிடும், அவ்வளவுதான். டொலுவீன் 384 கெல்வினில் கொதிக்கிறது, கணக்கு 33.8 கிலோஜூல், அளந்த மதிப்பு 33.2. அசிட்டோனுக்கு 29.0, அளந்தது 29.1. இவ்வளவு எளிய விதி இவ்வளவு நெருக்கமாக வருவது இன்றும் எனக்கு வியப்புதான்.

வெற்றிடத்தில் வடிக்கும்போதுதான் இதன் முழுப் பயன் தெரியும். அழுத்தத்தைப் பாதியாக்கினால் கொதிநிலை எங்கே இறங்கும் என்று பார்க்க ஆவியாதல் வெப்பம் வேண்டும், அதை இந்த விதியிலிருந்தே எடுத்து, அழுத்தத்தையும் கொதிநிலையையும் இணைக்கும் கிளாசியஸ்-கிளாப்பரான் சமன்பாட்டில் போட்டால் டொலுவீனுக்கு 87 டிகிரி செல்சியஸ் வருகிறது, உண்மையில் 88.

சரி, எங்கே காலை வாரும்? 88-க்குப் பதிலாக, தண்ணீரில் 109, எத்தனாலில் 110. ஹைட்ரஜன் பிணைப்பு திரவத்தின் மூலக்கூறுகளை ஓர் ஒழுங்கில் பிடித்து வைத்திருப்பதால், ஆவியாகும்போது என்ட்ரோபி (மூலக்கூறுகளின் ஒழுங்கின்மையின் அளவு; 88 என்பது அதன் ஏற்றம்தான்) வழக்கத்தைவிட அதிகமாக ஏறுகிறது. அசிட்டிக் அமிலம் நேர் எதிர், 61 பக்கம்தான் வரும், ஏனென்றால் அதன் மூலக்கூறுகள் ஆவியிலும் பெரும்பாலும் இரண்டிரண்டாக ஒட்டிக்கொண்டே இருக்கின்றன, முழுதாகப் பிரிக்கும் செலவு அங்கே இல்லை. ஹீலியம், ஹைட்ரஜன் போல மிகக் குறைந்த வெப்பநிலையில் கொதிப்பவற்றுக்கு இந்த விதியை எடுக்கவே வேண்டாம், ஹீலியத்துக்கு 20 தான்.

புதிதாகப் பயன்படுத்துபவர்கள் ஒன்றைக் கவனியுங்கள்: இது மோல் கணக்கு. ஆவியைக் குளிர்வித்துத் திரவமாக்கும் கண்டென்சர் தாங்குமா என்று பார்க்கும்போது கிராமுக்கு மாற்றியே ஆக வேண்டும். மோலுக்கு டொலுவீன் 33, தண்ணீர் 41 கிலோஜூல் என்று பக்கத்தில் பக்கத்தில் தெரியும், ஆனால் கிராமுக்கு டொலுவீன் 360 ஜூல், தண்ணீர் 2257.

ஹைட்ரோகார்பன், ஈதர், குளோரோஃபார்ம் எல்லாவற்றுக்கும் தயங்காமல் 88 போடுகிறேன். மெத்தனால், எத்தனால் என்றால் 105 முதல் 110 வரை. அசிட்டிக் அமிலம் போன்ற கார்பாக்சிலிக் அமிலம் வந்தால் மட்டும் நேராக அட்டவணைக்குப் போய்விடுவேன்.