பிச்சாவரம் துடுப்புப் படகு: நடனப் படம் எடுக்கத் தோதா?

உடல் மரமாக மாறுவதைக் காட்டும் பரிசோதனை நடனப் படத்துக்குக் கடலூர் மாவட்டத்தில் பிச்சாவரம் அலையாத்திக் காட்டை விட்டால் வேறு இடம் இல்லை. சிதம்பரத்திலிருந்து 15 கி.மீ. போல. படகு மட்டும் மேடையாகாது.

மோட்டார் படகு வேண்டாம். அது அகலமான வாய்க்காலோடு நின்றுவிடும், இரைச்சல் வேறு. சுரபுன்னை என்ற அலையாத்தி மரம் இரு கரையிலும் வளைந்து கூரை போடும் குறுகிய ஓடைக்குள் நுழைவது துடுப்புப் படகுதான். ஆனால் அதில் நின்று ஆட முடியாது. அரைமண்டியில், அதாவது முழங்காலை மடித்துப் பாதி அமர்ந்த நிலையில், ஒரு தட்டு தட்டினாலே சாயும். லைஃப் ஜாக்கெட்டையும் கழற்றக்கூடாது என்பதால் அகலக் காட்சி வீண். முகம், முத்திரை, மணிக்கட்டு என நெருக்கத்திலேயே எடுங்கள்.

கேமரா ஆடுபவர் இருக்கும் படகிலேயே இருக்கட்டும். வேறு படகில் வைத்தால் இரண்டும் தனித்தனியாக ஆடி, பார்ப்பவருக்குத் தலை சுற்றும். கேமரா ஆடாமல் பிடிக்கும் கருவியான கிம்பலையும் நம்ப வேண்டாம்: அது அடிவானத்தை நேராகப் பிடிக்க, ஆடுபவர் சாய்வதுதான் பளிச்சென்று தெரியும். நடுப்பலகையில் உட்கார்ந்து கையில் பிடித்தாலே போதும், பின்னணி மட்டும் மெல்ல அசையும். விநாடிக்கு 50 ஃபிரேமில் எடுத்து 25இல் மெதுவாக ஓட்டப்போகிறீர்கள் என்றால் ஷட்டர் 1/100 விநாடி. ஆட்டத்துக்கான தாளச் சொற்கட்டான ஜதியையும் இரட்டை வேகத்தில் ஒலிக்கவிட்டு ஆட வேண்டும். இல்லாவிட்டால் எடிட்டிங்கில் தாளம் சேராது. கூரைக்குள் இருட்டு, வெளியே வெள்ளை வானம். முகத்துக்கு வெளிச்சம் வைத்தால் வானம் வெளுத்துவிடும். வானமே ஃபிரேமுக்குள் வராத கோணம்தான் வழி.

இறங்கி ஆடலாம் என்று நினைப்பவர்களுக்கு: வெண்கண்டல் என்ற இன்னோர் அலையாத்தி மரத்தின் மூச்சுவேர்கள் சேற்றில் ஆணிபோல் நிற்கும், சுரபுன்னை வேரில் ஒட்டிய சிப்பி காலைக் கிழிக்கும். சலங்கையின் தோல்பட்டை உப்புநீர் பட்டுக் காய்ந்தால் விறைத்துவிடும். கால் அடவுகளை வெளியே திடலில் தனியாக எடுத்துச் சேருங்கள்.

சுற்றுலா டிக்கெட் படப்பிடிப்புக்குச் செல்லாது. இது காப்புக்காடு, வனத்துறை அனுமதி தனி. டிரோனுக்கு அதற்கு மேலும் அனுமதி வேண்டும்.

உருமாற்றம்தான் கரு என்றால் தில்லை மரத்தைத் தேடிப் பிடியுங்கள். சிதம்பரத்துக்குத் தில்லை என்ற பெயர் இதனால்தான். ஆண்பூ ஒரு மரத்தில், பெண்பூ வேறு மரத்தில். உதிருமுன் இலை செக்கச்சிவந்துவிடும். வேறு செட்டே தேவையில்லை. அழகாயிருக்கிறதே என்று அந்தச் செவ்விலைக் கொத்தை ஒடித்துத் தலையில் சூடிவிடாதீர்கள். பால் கண்ணில் தெறித்தால் பார்வை தற்காலிகமாகப் போகும், தோலும் கொப்பளிக்கும். அன்றைய படப்பிடிப்பு அத்தோடு சரி.