ஜான் சல்லிவனின் எழுத்தை அறிய ஒரு டிவிடி தொகுப்பு

பிபிசியின் 'ஒன்லி ஃபூல்ஸ் அண்ட் ஹார்ஸஸ்' நகைச்சுவைத் தொடரின் முழு டிவிடி தொகுப்பை நான் வாங்கியதற்கு முதற்காரணம், அதை எழுதிய ஜான் சல்லிவன். தெற்கு லண்டனில் எளிய குடும்பத்தில் பிறந்து, பதினைந்து வயதில் பள்ளியை விட்டு, பிபிசியில் அரங்கப் பொருள்களைச் சுமக்கும் வேலையில் இருந்தபடியே எழுத்தாளரானவர் அவர். 1977இல் அவர் எழுதிய 'சிட்டிசன் ஸ்மித்' நகைச்சுவைத் தொடர் ஒளிபரப்பானது. 1981இல் இந்தத் தொடர் தொடங்கியது.

தொகுப்பில் நான் திரும்பத் திரும்பப் பார்ப்பது 1982இல் வந்த சரவிளக்குக் காட்சி. தொடரின் நாயகர்களான அண்ணன் தம்பி டெல்லும் ராட்னியும் ஏணிகளில் நின்று, ஒரு விளக்கின் கீழே துணியை விரித்துப் பிடித்துக் காத்திருக்க, மேல்தளத்தில் அவர்களுடைய தாத்தா திருகாணியைக் கழற்றக் கழற்ற, சற்றுத் தள்ளித் தொங்கும் மற்றொரு விளக்கு விழுந்து நொறுங்குகிறது. தந்தை சொன்ன அனுபவத்திலிருந்து சல்லிவன் இதை எடுத்தார் என்பது, அவருடைய நகைச்சுவைக்கு ஊற்று எது என்பதைக் காட்டுகிறது.

தாத்தாவாக நடித்த லெனார்ட் பியர்ஸ் 1984இல் இறந்தபோது, சல்லிவன் அந்த இழப்பை மறைக்காமல், இறுதிச் சடங்கையே கதைக்குள் கொண்டுவந்து, துக்கத்தினூடே சிரிக்கவும் வைத்தார். இதைவிடத் துணிவான எழுத்தை நான் தொலைக்காட்சியில் அதிகம் கண்டதில்லை. தொடரின் 1996 கிறிஸ்துமஸ் காலப் பகுதிகளில் கடைசியானதை 2.4 கோடிக்கும் அதிகமானோர் பார்த்தனர்.

உரிமச் சிக்கலால் சில பகுதிகளில் மூலப் பாடல்கள் மாற்றப்பட்டிருப்பது உண்மையான குறை. ஆயினும் நகைச்சுவை எழுத விரும்புவோர் தயங்காமல் வாங்கலாம். முதல் பருவத்தைத் தாண்டும்வரை பொறுமை வேண்டும்.