நகலின் பின்பக்கத்துத் தேதிகள்

சிங்கப்பூரிலிருந்து இரண்டு வார விடுப்பில் கடலூர் வந்தவனுக்கு, அதில் பாதிக்கு மேல் தங்கையின் மேல்முறையீட்டுக்கே செலவாயிற்று. கணவர் தொடுத்த விவாகரத்து வழக்கில் குடும்ப நீதிமன்றம் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்து நூறு நாட்கள் கடந்திருந்தன. சான்றிட்ட நகல் அவள் கைக்கு வந்ததே 81ஆம் நாளில்தான். "கோர்ட்டில் நகல் கொடுக்க இழுத்தடித்துவிட்டார்கள் அண்ணா" என்றாள். நானும் நம்பி, பார்த்தவர்களிடமெல்லாம் குறைப்பட்டுக்கொண்டேன்.

அது தவறு என்பதை நகலின் கடைசிப் பக்கத்தைத் திருப்பிய பிறகே உணர்ந்தேன். ஊதா மையில் ஒரு ரப்பர் முத்திரை. மனு செய்த நாள், கட்டணம் கேட்ட நாள், செலுத்திய நாள், நகல் தயாரான நாள், பெற்றுக்கொண்ட நாள் என ஐந்து வரிகள், ஒவ்வொன்றின் எதிரிலும் பேனாவால் எழுதிய தேதி. கட்டணம் கேட்ட பிறகு அதைச் செலுத்த நம் தரப்பு 13 நாள் எடுத்திருந்தது. நகல் தயாரானது 40ஆம் நாள். வக்கீலின் பழைய குமாஸ்தா விலகிவிட, புதியவர் அறிவிப்புப் பலகையைப் பார்க்கவேயில்லை என்பதால், அது 41 நாட்கள் அங்கேயே கிடந்திருக்கிறது. வக்கீலிடம் நாங்களும் ஒரு முறைகூடக் கேட்கவில்லை என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

காலவரையறைச் சட்டத்தின் 12ஆம் பிரிவு, மேல்முறையீட்டுக்கான கெடுவைக் கணக்கிடும்போது, நகல் பெறுவதற்குத் தேவைப்பட்ட நாட்களைக் கழித்துக்கொள்ள விடுகிறது. தயாரான நகல் கேட்பாரற்றுக் கிடந்த நாட்களுக்கு அந்தச் சலுகை இல்லை. சென்னையில் நாங்கள் பார்த்த வழக்கறிஞர் அந்த ஐந்து தேதிகளை வைத்துக் கணக்கிட்டு, கழிவு 21 நாட்கள்தான் என்றார்.

கெடு எத்தனை நாள் என்பதிலும் சிக்கல் உண்டு. 1984ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றச் சட்டம் 30 நாள் என்கிறது. இந்து திருமணச் சட்டத்திலும் முன்பு அதே 30தான். மாவட்டத்திலிருந்து உயர் நீதிமன்றத்துக்குள்ள தொலைவையும் மக்களின் பண வசதியையும் எண்ணினால் அது போதாது என்று 2002இல் உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகு, 2003இல் 90 ஆக்கினார்கள். (கடலூரிலிருந்து விடியற்காலைப் பேருந்தில் சென்னை போய் இரவு திரும்பிய எனக்கு அந்த வாதம் நன்றாகவே விளங்கிற்று.) குடும்ப நீதிமன்றத் தீர்ப்புக்கும் 90 நாளே பொருந்தும் என்பது பம்பாய் உயர் நீதிமன்ற முழு அமர்வின் முடிவு. அதன்படி, அந்த 21 நாட்களைக் கழித்தால், தாக்கல் செய்த 109ஆம் நாளில் எங்களுக்கு இன்னும் இரண்டு நாள் இருந்தது. 30 நாள் கணக்கில் 58 நாள் தாமதம். ஆகவே மேல்முறையீட்டுடன், தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவையும் முன்னெச்சரிக்கையாக அன்றே தாக்கல் செய்தோம்.

பிரமாணப் பத்திரத்தில் 'உடல்நலக் குறைவு' என்று எழுதிவிடலாமே என்று ஊர் வக்கீல் சொல்லியிருந்தார். சென்னை வழக்கறிஞர் மறுத்தார். 883 நாள் தாமதத்தைக்கூட 1998இல் உச்ச நீதிமன்றம் மன்னித்திருக்கிறது, நாட்களின் எண்ணிக்கையைவிடக் காரணம் ஏற்கத்தக்கதா என்பதே முக்கியம் என்று விளக்கி, குமாஸ்தா மாறிய விவரத்தையே தேதியோடு எழுதவைத்தார்.

கெடு முடிந்தும் மேல்முறையீடு இல்லையென்றால் எதிர்த்தரப்பு மறுமணம் செய்துகொள்ளச் சட்டம் தடையில்லை என்பதால், தாக்கல் செய்த செய்தியை அன்றே அவருடைய வக்கீலுக்குப் பதிவுத் தபாலில் தெரிவித்தோம். ஒப்புகை அட்டை நான் விமானம் ஏறும் முன்பே வந்துவிட்டது.