எல்டன் ரிங்கில் பிழைத்திருக்கப் புள்ளிகளை எங்கே போடுவது: மூன்றாண்டுக்கு மேல் ஆடிய பிறகு

எல்டன் ரிங் என்ற வீடியோ கேம் 2022 பிப்ரவரி 25 அன்று வெளிவந்தது. தென்மேற்குப் பருவமழை வலுத்துத் தோட்ட வேலை பாதியில் நின்றிருந்த அந்த ஆண்டு ஜூலையில் நான் அதை வாங்கினேன். அன்று தொடங்கி இன்றுவரை மூன்று கதாபாத்திரங்களை, மூன்றையும் ஒரே பழைய பிளேஸ்டேஷன் 4-இல், வளர்த்திருக்கிறேன். எங்கள் வீடு கேத்தி பாலாடாவை ஒட்டி இருக்கிறது, கேரட் விவசாயம். அறுவடை நாள்களில் விடியலுக்கு வெகுமுன்பே எழுந்து, பிடுங்கிய கேரட்டைக் கழுவ எடுத்துச் சென்று, மூட்டை கட்டி மேட்டுப்பாளையம் மண்டிக்கு ஏற்றிவிட வேண்டும் என்பதால், இரவில் ஆடுவதற்கு எனக்குக் கிடைப்பது ஒரு மணி நேரம், மிஞ்சினால் ஒன்றரை. அந்த நேரம் முழுவதும் பாஸ் எனப்படும் பெரிய எதிரி காத்திருக்கும் ஒரே பனித்திரை வாசலில் செத்துச் செத்து எழுந்தால் அன்றைய நாள் வீணாகிவிடும். ஆகவே இந்த ஆட்டத்தின் கதை, காட்சி, இசை ஆகியவற்றை விட்டுவிட்டு, உயிரோடு நிற்பதற்காகப் புள்ளிகளை எப்படிப் பங்கிடுவது என்பதை மட்டும் எழுதுகிறேன்.

அடிப்படையைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். கதாபாத்திரத்துக்கு எட்டுப் பண்புகள் உண்டு. விகர் உயிரளவை, அதாவது ஹெல்த்தை உயர்த்தும். எண்டியூரன்ஸ் ஸ்டாமினாவையும் சுமக்கக்கூடிய எடையையும் உயர்த்தும். மைண்ட் மந்திரங்களுக்கும் ஆயுதத் திறன்களுக்கும் செலவாகும் நீல அளவைக் கூட்டும். ஸ்ட்ரெங்த், டெக்ஸ்டெரிட்டி, இன்டெலிஜென்ஸ், ஃபெய்த், ஆர்க்கேன் ஆகிய ஐந்தும் பெரும்பாலும் நாம் கொடுக்கும் அடிக்கானவை. ஒரு லெவலுக்கு ஒரு புள்ளி. எதிரிகளைக் கொன்று சேர்க்கும் ரூன்தான் அதற்கு விலை; லெவல் ஏற ஏற ஒவ்வொரு புள்ளிக்கும் அந்த விலை கூடிக்கொண்டே போகும். 100-ஆவது லெவலை ஒட்டி ஒரே ஒரு புள்ளிக்குச் சுமார் 60,000 ரூன் கொடுக்க வேண்டியிருக்கும்.

முதல் கதாபாத்திரத்தை வேகபாண்ட் வகுப்பில் தொடங்கினேன். அந்த வகுப்பு 9-ஆவது லெவலில், விகர் 15, ஸ்ட்ரெங்த் 14 என்ற கணக்கோடு வருகிறது. குன்னூரில் இருக்கும் என் சித்தப்பா மகன் எனக்கு முன்பே ஆடத் தொடங்கியிருந்தான். "அண்ணா, அடியை ஏத்துங்க. பாஸ் சீக்கிரம் விழுந்துட்டா உயிரு எதுக்கு?" என்று அவன் சொன்னது அன்று எனக்கு முழு நியாயமாகப் பட்டது. 60-ஆவது லெவலுக்கு வந்தபோது, சேர்ந்த 51 புள்ளிகளில் 31-ஐ ஸ்ட்ரெங்த்தில் போட்டு 45 ஆக்கியிருந்தேன். எண்டியூரன்ஸ் 20, டெக்ஸ்டெரிட்டி 16, மைண்ட் 13. விகரில் ஐந்தே ஐந்து போட்டு 20-இல் நிறுத்தியிருந்தேன். உயிரளவு 652.

ஆட்டத்தில் வரும் லெய்ன்டெல் நகருக்குள் நுழைந்த பிறகு இந்தக் கணக்கு தாங்கவில்லை. ஏன் சாகிறேன் என்பதே புரியாமல் இருந்ததால், தோட்டக் கூலிக் கணக்கு எழுதும் நோட்டின் பின்பக்கங்களில், ஒவ்வொரு சாவுக்கும் ஒரு வரி எழுதத் தொடங்கினேன்: எந்த இடம், எத்தனையாவது அடியில் விழுந்தேன், அப்போது உயிரேற்றும் மருந்துக் குடுவையில் எத்தனை மிடறு மிச்சம் இருந்தது. இந்த ஆட்டத்துக்காக நான் செய்தவற்றுள் மிகவும் பயன்பட்டது இந்தப் பழக்கம்தான். இரண்டு வாரத்தில் பக்கத்தைப் புரட்டியபோது, பெரும்பாலான வரிகளில் குடுவை பாதிக்குமேல் நிரம்பியே இருந்தது. குடிக்க மருந்து இருந்தும், குடிக்கும் அளவுக்கு உயிர் மிஞ்சவில்லை என்று அதற்குப் பொருள். இன்னொன்றையும் அந்தப் பக்கங்கள் காட்டின. ஜனவரியில் எங்கள் பள்ளத்தாக்கில் உறைபனி இறங்கும்போது, அறைக்குள்ளேயே விரல் நுனிகள் மரத்துப்போகும். கண்ட்ரோலரை விட்டுக் கையை ஹீட்டர் முன் நீட்டி, மறுபடி எடுப்பேன். அந்த மாதத்து வரிகளில் "உருளத் தாமதம்" என்ற சொற்கள் திரும்பத் திரும்ப வந்தன; இந்த ஆட்டத்தில் அடியிலிருந்து தப்புவது உருண்டுதான். அடி வருவது கண்ணுக்குத் தெரிந்தும், கட்டைவிரல் பொத்தானை ஒரு நொடியின் சிறு பங்கு பிந்தி அழுத்தியிருக்கிறது. கை எப்போதும் ஒரே மாதிரி இயங்காது என்றால், அந்தப் பிழையைத் தாங்கும் இடைவெளியை உயிரளவில் வைத்திருக்க வேண்டும் என்பதை அப்போதுதான் உணர்ந்தேன்.

விகரின் கணக்கைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும், ஏனென்றால் பலரும் தவறுவது இங்கேதான். விகர் 15-இல் 522 ஹெல்த், 20-இல் 652, 25-இல் 800, 30-இல் 994, 40-இல் 1,450, 50-இல் 1,704, 60-இல் 1,900, உச்சமான 99-இல் 2,100. இவற்றைப் புள்ளிக்கு இவ்வளவு என்று பிரித்துப் பாருங்கள். 15-இலிருந்து 20 வரை ஒரு புள்ளிக்கு 26 வீதம்தான் கிடைக்கிறது. 25-இலிருந்து 40 வரை சராசரியாக 43-க்கு மேல் கிடைக்கிறது. 40-ஐத் தாண்டியதும் அது ஏறத்தாழ 25 ஆகிறது, 50-க்குப் பிறகு 20-ஐ ஒட்டி இறங்குகிறது, 60-க்கு அப்பால் 39 புள்ளிகளைக் கொட்டினாலும் மொத்தமாக 200 மட்டுமே வருகிறது. ஆக, தொடக்கத்தில் விகர் கஞ்சத்தனமாகக் கொடுப்பதைப் பார்த்து 20-இல் நிறுத்துகிறவர், அது வாரிக் கொடுக்கத் தொடங்கும் இடத்துக்குச் சற்று முன்பே திரும்பிவிடுகிறார். நான் செய்தது அதையேதான்.

ஆனால் உயிரளவை எண்ணாக மட்டும் பார்ப்பதும் போதாது; எத்தனை அடி தாங்கும் என்று பார்க்க வேண்டும். ஓர் எதிரி ஒரு வீச்சுக்கு 500 எடுக்கிறான் என்று வைத்துக்கொள்வோம். விகர் 20 ஆனாலும் சரி, 30 ஆனாலும் சரி, இரண்டாவது அடியில் சாவு உறுதி. இடையில் போட்ட பத்துப் புள்ளிகள் அவனிடம் ஒரு வித்தியாசமும் செய்யவில்லை. 31-இல் ஹெல்த் 1,000-ஐத் தாண்டுகிறது, இரண்டு அடி தாங்குகிறது. 40-இல் இருக்கும் 1,450 மூன்றாவது அடியில் விழுகிறது. 42-இல் 1,500-ஐச் சற்றே தாண்டுவதால் மூன்றையும் தாங்குகிறது. எனவே ஒரு பாஸிடம் திரும்பத் திரும்பத் தோற்கும்போது, அவனுடைய வழக்கமான அடி எவ்வளவு எடுக்கிறது என்பதை ஒருமுறை கவனித்து, அடுத்த படியைத் தொட எத்தனை புள்ளி வேண்டும் என்று கணக்கிட்டுப் போடுவதே என் வழக்கமாகிவிட்டது.

இரண்டாவது கதாபாத்திரத்தையும் வேகபாண்டாகவே தொடங்கி, அதே 60-ஆவது லெவலில் அதே 51 புள்ளிகளை வேறு விதமாகப் பிரித்தேன். விகர் 40, ஸ்ட்ரெங்த் 28, எண்டியூரன்ஸ் 20, டெக்ஸ்டெரிட்டி 16. மைண்டைத் தொடவே இல்லை. உயிரளவு இரண்டு மடங்குக்கும் மேலானது. அடி குறைந்ததா என்றால், குறைந்தது; ஆனால் நான் பயந்த அளவுக்கு இல்லை. ஓர் ஆயுதத்தை இரு கையாலும் பிடித்தால் ஸ்ட்ரெங்த் ஒன்றரை மடங்காகக் கணக்கில் எடுத்துக்கொள்ளப்படும் என்பதால், 28 என்பது 42-ஆக வேலை செய்கிறது. அதைவிட முக்கியமாக, ஆட்டத்தின் முதல் பாதியில் அடியைக் கூட்டுவது புள்ளிகள் அல்ல, ஆயுதத்தை உயர்த்தப் பயன்படும் ஸ்மிதிங் ஸ்டோன் கற்கள். கிளேமோர் என்ற என் பெரிய வாளைக் கொல்லரிடம் கொடுத்து ஒவ்வொரு படியாக உயர்த்தும்போது அதன் அடிப்படை அடியும் கூடுகிறது, நம் ஸ்ட்ரெங்த்திலிருந்து அது எடுத்துக்கொள்ளும் பங்கும் கூடுகிறது. உயர்த்தாத வாளுக்கு 45 ஸ்ட்ரெங்த் கொடுத்துக்கொண்டிருந்த என் முதல் கணக்கு, அங்கேயும் புள்ளிகளை வீணடித்திருந்தது. கற்களைக் குகைகளில் தேடி எடுக்கலாம். உயிரளவுக்கு அப்படி ஒரு மாற்று வழி எளிதில் இல்லை.

கூடுதல் உயிரால் நேர்ந்த மாற்றம் ஸ்டார்ம்வெயில் கோட்டை வாசலில் நிற்கும் மார்கிட் என்ற பாஸிடமே தெரிந்தது. அவன் கோலை ஓங்கி, வர வேண்டிய நேரத்தில் அடிக்காமல் நிறுத்திவைத்து, நாம் பதறி உருண்டு முடித்த பிறகு இறக்குவான். இந்தத் தாமதத்தைக் கண்ணால் பழக வேண்டுமென்றால், ஓர் ஆட்டத்தில் அந்த வீச்சைப் பலமுறை பார்த்தாக வேண்டும். சண்டை இருபது நொடியில் முடிந்துவிட்டால் எதைக் கற்பது? முதல் முறை ஆடியபோது அவனுடைய இரண்டாம் பாதிச் சுத்தியல் வீச்சை மூன்று இரவுகள் கழித்துத்தான் முழுதாகப் பார்த்தேன். இரண்டாம் முறை அவனிடம் போவதற்கு முன்பே விகரை 25-க்குக் கொண்டுபோயிருந்ததால், முதல் இரவிலேயே அவனுடைய எல்லா அசைவுகளையும் பார்த்துவிட்டேன். முன்பே ஒருமுறை வென்ற அனுபவமும் அதில் சேர்ந்திருக்கிறது என்பதை மறைக்கவில்லை.

எண்டியூரன்ஸ் விஷயத்தில் நான் சொல்ல விரும்புவது ஒன்றுதான்: சுமை உச்ச அளவில் 70 விழுக்காட்டைத் தாண்டக் கூடாது. தாண்டினால் உருளல் கனத்துப்போய், கூடுதல் கவசம் மிச்சப்படுத்துவதைவிடக் கூடுதல் அடியை வாங்கித் தரும். எண்டியூரன்ஸ் 25-இல் சுமக்கும் அளவு 72. அதில் 70 விழுக்காடு 50-ஐச் சற்றே தாண்டும். எனக்குப் பிடித்த கவசமும் வாளும் அதற்குள் அடங்குகின்றன. அடங்காதபோது தலைக்கவசத்தைக் கழற்றுகிறேன்.

அணிந்தால் தனிப் பலன் தரும் தாயத்துகளைப் பற்றி விரிவாகவே சொல்ல வேண்டும். கேலிட் பகுதியின் ஃபாரோத் கோட்டையில் கிடைக்கும் ரடகானின் சோர்சீல், விகர் உட்பட நான்கு பண்புகளுக்குத் தலா ஐந்து புள்ளி கொடுத்து, வாங்கும் அடியை 15 விழுக்காடு கூட்டுகிறது. அதை அணியலாமா கூடாதா என்று பொதுவாகச் சொல்ல முடியாது. உங்கள் விகர் எங்கே நிற்கிறது என்பதைப் பொறுத்தது. விகர் 20 என்றால் ஹெல்த் 652-இலிருந்து 800 ஆகிறது. கூடுதல் அடியைக் கழித்தாலும் ஏறத்தாழ 695-க்குச் சமம், லாபம்தான். விகர் 40 என்றால் 1,450 ஏறத்தாழ 1,580 ஆகிறது. 15 விழுக்காட்டைக் கழித்தால் 1,375-க்குச் சமமாகிவிடும், நஷ்டம். நான் 50 தாண்டியும் பழக்கத்தால் அதைக் கழற்றாமல் பல மாதம் ஆடியிருக்கிறேன். இதற்கு நேர்மாறானது டிராகன்கிரெஸ்ட் கிரேட்ஷீல்டு. அது உடல்வழி அடியை 20 விழுக்காடு குறைக்கிறது. விகர் 40-இல் இருப்பவரை, அந்த வகை அடியைப் பொறுத்தவரை, 55-ஐ ஒட்டி இருப்பவரைப் போல் நிற்க வைக்கிறது. அதோடு குடுவையின் ஒவ்வொரு மிடறும் கூடுதல் நேரம் தாங்குகிறது. ஆனால் அது கிடைப்பது எல்ஃபேலில், ஆட்டத்தின் கடைக்கோடியில். அதற்கு முன்னதாக, 10 விழுக்காடு குறைக்கும் டிராகன்கிரெஸ்ட் ஷீல்டு தாயத்தைப் பீஸ்டியல் சாங்க்டமில் எடுத்துக்கொள்ளலாம்.

குடுவையையும் இதே கணக்கில் சேர்க்க வேண்டும். அது விழுக்காட்டில் அல்ல, நிலையான அளவில் குணப்படுத்துகிறது: தொடக்கத்தில் ஒரு மிடறுக்கு 250, குடுவையை வலுவாக்கும் சேக்ரட் டியர் பன்னிரண்டையும் சேர்த்த பிறகு 810. விகரை ஏற்றிவிட்டுக் குடுவையை மறந்தால், பெரிய பாத்திரத்தைச் சின்னக் கரண்டியால் நிரப்புகிற கதைதான்.

விகர் எல்லாவற்றுக்கும் மருந்தல்ல. ஸ்கார்லெட் ராட் நோயும் ரத்தக் கசிவும் உச்ச உயிரளவில் குறிப்பிட்ட விழுக்காட்டையும் சேர்த்தே எடுப்பதால், 1,900 வைத்திருப்பவருக்கும் அவை வலிக்கவே செய்யும். உயரத்திலிருந்து விழுந்தால் எந்த விகரும் காப்பாற்றாது. என் நோட்டில் அதற்கென்று தனிப் பக்கமே இருக்கிறது. மலேனியா என்ற பாஸோ நம்மைத் தொட்ட ஒவ்வொரு அடிக்கும் தன் உயிரை ஏற்றிக்கொள்கிறாள். அடி வாங்கிக்கொண்டு நிற்கும் ஆட்டத்தை அவளிடம் ஆட முடியாது. ஆனாலும் அவளுடைய வாட்டர்ஃபவுல் வீச்சில் பாதி தப்பிப் பாதி வாங்கியபின் எழுந்து குடுவையைத் தொடும் வாய்ப்பு, விகரை 60 ஆக்கிய பிறகே எனக்குக் கிடைத்தது.

2024 ஜூன் 21 அன்று வந்த ஷேடோ ஆஃப் தி எர்ட்ட்ரீ விரிவாக்கத்தில் இந்தக் கணக்கோடு இன்னொன்றும் சேர்ந்தது. அந்த நிலத்தில் ஸ்காட்யூட்ரீ துண்டுகளைத் திரட்டி ஆசியை 20 படி வரை உயர்த்தலாம். அது கொடுக்கும் அடியைக் கூட்டி, வாங்கும் அடியைக் குறைக்கிறது. விகர் 60 இருக்கிறதே என்று துண்டுகளைத் தேடாமல் நேரே பாஸிடம் போய் ஒரு வாரம் இழந்தேன். அங்கே லெவல் ஏற்றுவதைவிட ஊர் சுற்றுவதே உயிரைக் காக்கிறது.

ஆட்டத்தின் மேல் எனக்குள்ள உண்மையான குறை, லெவல் ஏற்றும் திரையைப் பற்றியது. கையில் இருக்கும் ரூனுக்கு எட்டும் வரைதான் அது மாற்றத்தைக் காட்டுகிறது. விகர் 25-ஐத் தாண்டினால் வரவு கூடும் என்பதை 18-இல் நிற்கும் புதியவர் அங்கே பார்க்க வழியே இல்லை. தவறாகப் போட்ட புள்ளிகளை ரென்னாலா என்ற பாஸை வென்றபின் அவளிடமே மாற்றிக்கொள்ளலாம் என்பது பெரிய ஆறுதல். ஆனால் ஒவ்வொரு முறைக்கும் லார்வல் டியர் என்ற பொருள் ஒன்று வேண்டும், அவை எண்ணிக்கைக்கு உட்பட்டவை.

இப்போது ஆடும் மூன்றாவது கதாபாத்திரம் மந்திரக்காரி. மைண்டும் இன்டெலிஜென்ஸும் புள்ளிகளைக் கேட்டு நிற்பதால் நெருக்கடி அதிகம். அவளுக்கும் 70-ஆவது லெவலுக்குள் விகரை 40 ஆக்கிவிட்டேன். தூரத்திலிருந்து அடிப்பவரையும் எதிரி ஒருநாள் எட்டிவிடுகிறான். சித்தப்பா மகனும் சென்ற மாதம் புதிதாகத் தொடங்கி, 32-ஆவது லெவல் திரையைப் படம் எடுத்து அனுப்பியிருந்தான். விகர் 25. அடுத்த பத்துப் புள்ளியை ஸ்ட்ரெங்த்தில் போடலாமா அண்ணா என்று கீழே எழுதியிருந்தான். வாளை எத்தனையாவது படிவரை உயர்த்தியிருக்கிறாய் என்று கேட்டுப் பதில் அனுப்பியிருக்கிறேன்.