ரீஃப்ரைட் பீன்ஸ்: மண்பானையா, பிரஷர் குக்கரா, ஸ்லோ குக்கரா?

மெக்சிகோ வீடுகளில் ரீஃப்ரைட் பீன்ஸ் இரண்டு கட்டமாக நடக்கும் வேலை. முதலில் காய்ந்த பீன்ஸ் பருப்பை வெங்காயம், பூண்டு, உப்பு சேர்த்துக் குழைய வேகவைப்பார்கள். அன்றைக்கு அதைச் சாறோடு அப்படியே சாப்பிடுவார்கள். மீந்ததை அப்புறம் பன்றிக் கொழுப்பில் போட்டு மசித்து வதக்குவார்கள். கீழே சொல்லும் மூன்று பாத்திரங்களும் போட்டி போடுவது முதல் கட்டத்துக்கு மட்டும்தான்.

சாற்றின் ருசி என்று பார்த்தால் என் ஓட்டு மண்பானைக்கு. இரண்டு மூன்று மணி நேரம் மெல்ல கொதிக்கும்போது தண்ணீர் வற்றி, சாறு தானாகவே கெட்டிப்படும். எபஸோட்டே என்ற வாசனைத் தழையைக் கடைசியில் போடவும் வசதி. ஆனால் ஆள் பக்கத்திலேயே இருக்க வேண்டும். தண்ணீர் குறையக் குறைய வெந்நீர் ஊற்ற வேண்டும்.

பிரஷர் குக்கரின் அருமை மெக்சிகோ சிட்டியில் தெரியும். கடல் மட்டத்திலிருந்து சுமார் 2,240 மீட்டர் உயரத்தில் இருக்கும் நகரம் அது. தண்ணீர் அங்கே 92, 93 டிகிரியிலேயே கொதித்துவிடும், அதனால் திறந்த பாத்திரத்தில் பீன்ஸ் வேக நெடுநேரம் ஆகும். குக்கருக்குள் அழுத்தம் கூடுவதால் அந்தத் தொல்லை இல்லை. ஊறவைத்த பிண்ட்டோ பீன்ஸ் (பழுப்புப் புள்ளி போட்ட வகை) அரை மணிக்குள் வெந்துவிடும். பழைய சரக்காக இருந்தால் சில பருப்பு விறைப்பாகவும் சில கரைந்தும் கிடக்கும். எப்படியும் மசிக்கத்தானே போகிறோம், அதனால் இது பெரிய குறை இல்லை.

ஸ்லோ குக்கர் என்பது குறைந்த சூட்டில் பல மணி நேரம் மெல்ல வேகவைக்கும் மின்சாரப் பாத்திரம். அதில் ஒரு கப் பீன்ஸுக்கு நான்கு கப் தண்ணீர் போதும். அதிக சூட்டில் வைத்தால் ஆறிலிருந்து எட்டு மணி நேரம். அடிப்பிடிக்காது, கிளற வேண்டாம், வேலைக்குப் போய்விட்டு வரலாம். தக்காளியையும் எலுமிச்சையையும் மட்டும் பீன்ஸ் வெந்த பிறகுதான் சேர்க்க வேண்டும், புளிப்பு இருந்தால் தோல் இளகாது. உப்பை முதலிலேயே போடலாம், அதனால் கெடுதல் இல்லை.

இதில் கவனிக்க வேண்டிய ஆபத்து ஒன்று உண்டு. நம் கடைகளில் ராஜ்மா என்று விற்கும் சிவப்பு பீன்ஸை நேராக ஸ்லோ குக்கரில் போடவே கூடாது. அதில் உள்ள லெக்டின் என்ற நச்சுப் பொருள் நன்றாகக் கொதித்தால்தான் அழியும். 80 டிகிரி அளவிலேயே நின்றுவிட்டால், வேகவைக்காத பீன்ஸைவிடவும் கெடுதல் கூடலாம். ஐந்து மணி நேரமாவது ஊறவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் அரை மணி நேரம் தளதளவென்று கொதிக்கவிட வேண்டும். பிண்ட்டோவிலும் கறுப்பு பீன்ஸிலும் இந்த நச்சு குறைவு. இருந்தாலும் அவற்றையும் பத்து நிமிடம் அடுப்பில் கொதிக்கவிட்ட பிறகே ஸ்லோ குக்கருக்கு மாற்றுவேன்.

ருசியில் ஸ்லோ குக்கர் பின்தங்குவது சாற்றில்தான். ஆவி வெளியேறாததால் சாறு நீர்த்தே இருக்கும். பல செய்முறைகள் சாற்றை வடித்துவிட்டு, அந்தப் பாத்திரத்திலேயே மசித்து, ரீஃப்ரைட் பீன்ஸ் தயார் என்று முடித்துவிடுகின்றன. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. அது நல்ல பீன்ஸ் மசியல், அவ்வளவுதான். ஈரம் நிறைந்த பாத்திரத்துக்குள் சூடு கொதிநிலையைத் தாண்டாது, அதனால் வறுபட்ட மணம் வரவே வராது.

அதற்கு வாணலிதான் வேண்டும். இரண்டு மூன்று மேசைக்கரண்டி பன்றிக் கொழுப்பில், சேராதவர்கள் எண்ணெயில், வெங்காயத்தைப் பழுப்பாக வதக்குங்கள். பீன்ஸைப் போட்டு, கரண்டி கரண்டியாகச் சாறு விட்டு மத்தால் மசியுங்கள். கரண்டியால் இழுத்தால் வாணலியின் அடி ஒரு நொடி தெரிய வேண்டும், அதுதான் பதம். பத்துப் பதினைந்து நிமிட வேலைதான்.

பருப்பின் தேர்வில் ஊருக்கு ஊர் வழக்கம் வேறு. வட மெக்சிகோவில் பிண்ட்டோ. வெராக்ரூஸ், வஹாக்கா, யுகத்தான் மாநிலங்கள் பக்கம் கறுப்பு. வஹாக்காவில் கறுப்பு பீன்ஸோடு அவகாடோ இலையும் சேர்ப்பார்கள், லேசான சோம்பு வாசனை வரும். ஸ்லோ குக்கரின் நீர்த்த சாற்றுக்கு நான் கறுப்பையே எடுப்பேன், அதன் ருசி தானாகவே அழுத்தமானது.

வார நாட்களில் ஸ்லோ குக்கரும் வாணலியும், அவசரத்துக்குப் பிரஷர் குக்கர், ஞாயிற்றுக்கிழமை மண்பானை. எதில் வேகவைத்தாலும் ஒரு கப் சாற்றை எடுத்து வையுங்கள். ஆறினால் பீன்ஸ் இறுகிவிடும், மறுபடி சூடாக்கும்போது இளக்க அது வேண்டும்.